சிக்னல் அப்பப்ப செத்துப்போகுது, டபுள் சிக்னல் மட்டும் நல்லா ஓடுது (1996 கொரோலா)

#1 பழையவண்டி_ஈசூன்

ஊர் சிங்கப்பூர். வண்டி டொயோட்டா கொரோலா 1.6, 1996. எல்லாம் சாதா பல்பு, எல்இடி எதுவும் போடல.

சிக்னல் சில நேரம் ரெண்டு பக்கமும் வேலை செய்றதில்ல. டிக் டிக் சத்தம் இல்ல, டேஷ்போர்டு மீட்டர்ல பச்சை அம்பும் வரல. ஆனா டபுள் சிக்னல் (ஹசார்ட்) பட்டனை அமுக்கினா நாலு மூலையும் மின்னுது. அந்தப் பட்டனை ரெண்டு மூணு தடவை அமுக்கி விட்டா சிக்னலும் திரும்ப வந்துடுது. வந்த பிறகு வலது பக்கம் ஒழுங்கா அடிக்குது, இடது பக்கம் மட்டும் படபடன்னு ரெண்டு மடங்கு வேகம்.

வொர்க்‌ஷாப்ல சிக்னலை மின்ன வைக்கிற ஃபிளாஷர் ரிலே புதுசு மாட்டினாங்க, ஒரு மாத்தமும் இல்ல. இப்ப ஸ்டியரிங் பக்கத்துல இருக்கிற சிக்னல் தண்டை முழு செட்டா மாத்தணும்னு சொல்றாங்க. அடுத்த மாசம் கட்டாய வண்டி இன்ஸ்பெக்‌ஷன் வருது. எங்க ஆரம்பிக்கிறது?


#2 செப்புக்கம்பி

தம்பி, தண்டுல இப்போதைக்குக் கை வைக்காதீங்க. பாதி விடை நீங்க எழுதினதுலயே இருக்கு.

இங்க இருக்கிறது ஒரு கோளாறு இல்ல, ரெண்டு. ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு பின்னிக் கிடக்கிறதாலதான் ஆளாளுக்கு ஒரு சாமானைக் கைகாட்டுறாங்க.

முதல் கோளாறு, ரெண்டு பக்கமும் சேர்ந்து சாகிறது. 90களோட டொயோட்டாவிலயும் அந்தக் காலத்து வேற பல வண்டியிலயும், சாவி போட்டதும் வர்ற கரண்ட் டர்ன் (சிக்னல்) ஃபியூஸ்லேர்ந்து நேரா ஃபிளாஷருக்குப் போறதில்ல. முதல்ல டபுள் சிக்னல் பட்டனுக்குள்ள நுழைஞ்சுதான் வெளிய வரும். பட்டன் அமுங்காம இருக்கிறப்போ அது அந்தக் கரண்டை ஃபிளாஷருக்கு விடும். அமுக்கினா அந்த வழியை அறுத்துட்டு, பேட்டரியிலேர்ந்து எந்நேரமும் வர்ற இன்னொரு ஃபியூஸைக் கோத்து விடும். சாவி இல்லாமலே டபுள் சிக்னல் எரியறது இதனாலதான். பல பழைய டொயோட்டாவில அந்த ஃபியூஸ் ஹார்னோடதும்கூட. ஹார்ன் அடிச்சா அந்த ஃபியூஸ் உயிரோட இருக்குன்னு அர்த்தம்.

இப்ப யோசிங்க. வருஷத்துல எத்தனை தடவை அந்தப் பட்டனைத் தொடுவோம்? உள்ள இருக்கிற செப்புத் தகடு வருஷக்கணக்கா ஒரே இடத்துல உட்கார்ந்து, கிரீஸ் காய்ஞ்சு, கறுத்துப்போகும். நம்ம ஊர் ஈரப்பதம் வேற. நாலு தடவை அமுக்கினா தகடு உரசிக் கொஞ்சம் சுத்தமாகும், சிக்னல் வந்துடும். ரெண்டு நாள்ல மறுபடி போகும். உங்க அறிகுறி அப்படியே இதுதான்.

தண்டு கெட்டா எப்படி இருக்கும்? பெரும்பாலும் ஒரு பக்கம் போகும், இன்னொரு பக்கம் ஓடும். தண்டைக் கையால லேசா மேலயும் கீழயும் அழுத்திப் பிடிச்சா வந்து வந்து போகும். டபுள் சிக்னல் பட்டனை அமுக்கினதுக்கும் அதுக்கும் சம்பந்தமே இருக்காது.

ரெண்டாவது கோளாறு, இடது பக்க வேகம். எலக்ட்ரானிக் ஃபிளாஷர் தன் வழியா ஓடுற கரண்டை அளந்துக்கிட்டே இருக்கும். ஒரு பக்கத்துக்கு முன்னாடி 21 வாட், பின்னாடி 21 வாட், ஃபெண்டர்ல (முன் சக்கரத்துக்கு மேல இருக்கிற தகடு) 5 வாட், மொத்தம் 47 வாட், சுமார் 4 ஆம்பியர். ஒரு 21 வாட் பல்பு எரியலன்னா 26 வாட்தான் மிச்சம். உடனே வேகத்தை ரெண்டு மடங்கு ஆக்கி டிரைவருக்குச் சொல்லும். அது கோளாறு இல்ல, எச்சரிக்கை.

நாலு மூலையும் மின்னுதுன்னு எழுதியிருக்கீங்க. இறங்கிச் சுத்திப் பார்த்தீங்களா? டபுள் சிக்னல்ல ரெண்டு பக்கமும் சேர்ந்து 94 வாட். அதுல ஒண்ணு போனாலும் 73 இருக்கு. ஃபிளாஷர் பார்க்கிற வரம்புக்கு அது மேலதான், அதனால வேகம் மாறாது. உள்ள உட்கார்ந்துக்கிட்டு சத்தத்தை மட்டும் கேட்டா எல்லாம் சரின்னுதான் தோணும்.


#3 12வோல்ட்

செப்புக்கம்பி அண்ணே சொன்னதுதான் என் கணிப்பும். ஆனா கணிப்பை நம்பிச் சாமான் வாங்காதீங்க, அளந்துடுங்க. அரை மணி நேர வேலை.

தேவையானது நாலு. மல்டிமீட்டர். 21 வாட் பல்பை ஒரு ஹோல்டர்ல போட்டு, ரெண்டு ஒயர், ரெண்டு முதலைக் கிளிப் வச்ச டெஸ்ட் லைட். நடுவுல 10 ஆம்பியர் ஃபியூஸ் வச்ச ஒரு துண்டு ஒயர். டிரிம் (உள்பக்கப் பிளாஸ்டிக் சட்டம்) நெம்புற பிளாஸ்டிக் கரண்டி. வீட்டுல இல்லன்னா சிம் லிம் டவர் எலக்ட்ரானிக்ஸ் கடைகள்ல ஒரே நடையில எல்லாம் கிடைக்கும்.

மல்டிமீட்டர் இருக்க டெஸ்ட் லைட் எதுக்குன்னு கேப்பாங்க. மீட்டர் கரண்டே இழுக்காது. இருபது இழையில பத்தொன்பது அறுந்த ஒயர்லயும் 12.4 வோல்ட் காட்டும். 21 வாட் பல்பைக் கோத்தாதான் குட்டு வெளிப்படும். பேனா மாதிரி இருக்கிற எல்இடி டெஸ்ட் பென்னும் இதுக்கு உதவாது, அதுவும் மீட்டர் மாதிரிதான்.

1. டபுள் சிக்னலைப் போட்டுட்டு டேஷ்போர்டுக்கு அடியில கையை விடுங்க. எந்த டப்பா விரல்ல துடிக்குதோ அதுதான் ஃபிளாஷர். பட்டனை அணைச்சுட்டு அதை உருவிடுங்க.

2. ஃபிளாஷர் காலுக்குப் பக்கத்துல எழுத்து இருக்கும். ஜப்பான் வண்டின்னா பி கரண்ட் உள்ள வர்றது, எல் பல்புக்குப் போறது, ஈ எர்த். ஐரோப்பிய வண்டியில அதையே 49, 49ஏ, 31ன்னு போட்டிருப்பான். எழுத்தைப் படிச்சுட்டு சாக்கெட்ல எந்த ஓட்டை எதுன்னு குறிச்சுக்குங்க. ஒரே மாதிரி மூணு கால் இருந்தும் கால் வரிசை மாறின ஃபிளாஷர் கடையில நிறைய கிடக்கு. உங்களுக்குப் போட்ட புதுசையும் இந்தக் கையோட பாத்துடுங்க.

3. சாவியை ஆன் பண்ணுங்க, இஞ்சின் வேண்டாம். சாக்கெட்டோட பி ஓட்டைக்கும் பாடி எர்த்துக்கும் நடுவுல டெஸ்ட் லைட். பளிச்சுன்னு எரியணும். மங்கலா எரிஞ்சாலோ எரியாம போனாலோ டபுள் சிக்னல் பட்டனை அமுக்கி விட்டு மறுபடி பாருங்க. மாறினா குற்றவாளி பட்டன்தான்.

4. ஃபியூஸ் வச்ச துண்டு ஒயரால பி, எல் ரெண்டு ஓட்டையையும் இணைச்சுடுங்க. தண்டை இடது பக்கம் போடுங்க. இடது பக்க பல்பெல்லாம் மின்னாம நிலையா எரியும். இறங்கிப் பாருங்க. அப்புறம் வலது பக்கம்.

இந்த நாலாவது படிதான் முக்கியம். மின்னிக்கிட்டு இருக்கும்போது மீட்டர்ல எண் குதிச்சுக்கிட்டே இருக்கும், ஒண்ணும் படிக்க முடியாது. நிலையா எரிய வச்சுட்டா எங்க எத்தனை வோல்ட் தொலையுதுன்னு நிதானமா அளக்கலாம். பட்டனுக்கு உள்ள வர்ற ஒயர்ல ஒரு முனை, வெளிய போற ஒயர்ல ஒரு முனை. 0.2 வோல்ட்டுக்கு மேல காட்டினா கழட்டிச் சுத்தம் பண்ணணும். அதே மாதிரி பல்பு ஹோல்டரோட எர்த் பக்கத்துக்கும் பேட்டரி மைனஸுக்கும் நடுவுல 0.2க்குள்ள இருக்கணும்.

ஒயர் நிறம்: டொயோட்டாவில பச்சையில கறுப்புக் கோடு இடது, பச்சையில மஞ்சள் கோடு வலது, வெள்ளையில கறுப்புக் கோடு எர்த்.


#4 பழையவண்டி_ஈசூன்

அளந்தேன். சாவி ஆன், பேட்டரி 12.5.

பி ஓட்டையில மீட்டர் 12.4, ஆனா டெஸ்ட் லைட் மங்கல். பட்டனை அஞ்சாறு தடவை அமுக்கி விட்டதும் கொஞ்சம் தெளிஞ்சுது, முழுசா இல்ல. துண்டு ஒயர் போட்டு வலது பக்கம்: மூணு பல்பும் எரியுது, முன் பல்புல 10.7 வோல்ட். பட்டனுக்குள்ள மட்டும் 1.4 வோல்ட் தொலையுது. இடது பக்கம்: முன்னாடி எரியுது, ஃபெண்டர் எரியுது, பின்னாடி இருட்டு. செப்புக்கம்பி அண்ணே சொன்னது சரி, நான் இறங்கிப் பார்க்கவே இல்ல.


#5 செப்புக்கம்பி

1.4 வோல்ட் சின்ன எண் மாதிரி தெரியும். பல்போட வெளிச்சம் வோல்ட்டோட நேர்க்கோட்டுல போறதில்ல, அதோட 3.4 மடி அடுக்குல போகும். வோல்ட் 10 சதவீதம் குறைஞ்சா வெளிச்சம் 30 சதவீதம் போச்சு. மத்தியான வெயில்ல பின்னாடி வர்ற லாரிக்காரனுக்கு உங்க சிக்னல் கண்ணுல படாது. அது போக, 1.4 வோல்ட்டும் நாலுக்குக் கிட்ட ஆம்பியரும்னா அந்தக் குட்டிப் பட்டனுக்குள்ள 5 வாட் சூடு. பிளாஸ்டிக் உருகறது இப்படித்தான்.

பட்டனைக் கழட்டுற முறை. ஏர்பேக் இருந்தா பேட்டரி மைனஸைக் கழட்டி 90 விநாடி காத்திருந்துட்டு ஆரம்பிங்க. ஏசி காத்து வர்ற சட்டத்தைப் பிளாஸ்டிக் கரண்டியால நெம்புங்க. மெல்ல. இந்த வயசுல பிளாஸ்டிக் பிஸ்கட் மாதிரி ஒடியும், அதனால வண்டியைக் கொஞ்சம் வெயில்ல நிறுத்திச் சூடேறின பிறகு நெம்பினா நல்லது. பட்டனோட ரெண்டு பக்கமும் கொக்கி இருக்கும், பின்னாலேர்ந்து தள்ளினா வந்துடும்.

பட்டனைப் பிரிக்கிறதுதான் நுணுக்கமான இடம். பிரிக்கும்போது ஒரு வெள்ளைத் துணிமேலயோ, இன்னும் நல்லது ஒரு பெரிய பிளாஸ்டிக் பைக்குள்ளயோ கையை விட்டுப் பிரிங்க. உள்ள ஸ்பிரிங் இருக்கும், சிலதுல மிளகு அளவு எஃகு உருண்டையும் இருக்கும். தெறிச்சா மல்டி ஸ்டோரி கார் பார்க் தரையில அதைத் தேடவே முடியாது. முன்கூட்டியே போன்ல ஒரு படம் எடுத்துக்குங்க, ஸ்பிரிங் எந்தப் பக்கம் பார்த்திருக்குன்னு தெரியணும்.

திறந்ததும் பழுப்பு மெழுகு மாதிரி ஒண்ணு அப்பியிருக்கும். அது பழைய கிரீஸ். காண்டாக்ட் கிளீனர் அடிச்சு காது குடையுற பஞ்சுக் குச்சியால துடைங்க. கீழே நகர்ற தகடும் நிலையான பொட்டும் தெரியும். பொட்டுமேல வெள்ளி பூசியிருப்பான், மெல்லிசு. உப்புத்தாள் போட்டு அதைத் தேய்க்கிறவங்களைக் கண்டா எனக்குக் கோபம் வரும். வெள்ளி போயிட்டா அடியில செப்பு, ஆறு மாசத்துல திரும்பக் கறுக்கும். பென்சில் ரப்பர் போதும். கறுப்பு போகலன்னா ஃபைபர் கிளாஸ் பேனாவால ஒரு தடவை, அவ்வளவுதான். கரி பிடிச்சுக் குழி விழுந்திருந்தா அந்தப் பட்டனைத் தூக்கிப் போட்டுட்டு வேற வாங்குங்க.

நகர்ற தகட்டோட வளைவை ஒரு மயிரிழை உயர்த்தி விடுங்க. அழுத்தம் கூடும். அதிகமா வளைச்சா பட்டன் திரும்ப வெளிய வராது. காண்டாக்ட்டுக்குன்னே விக்கிற கிரீஸ் குண்டூசித் தலை அளவு. சக்கர பேரிங் கிரீஸ் போடாதீங்க. துருவுக்கு அடிக்கிற ஸ்பிரேயை அடிச்சாலும் அன்னிக்கு ஓடும், பிறகு தூசியை இழுத்து வச்சுக்கும்.


#6 புங்கோல்_வெள்ளை

குறுக்கே கேக்கிறேன், மன்னிக்கணும். என் வண்டியில நாலு மூலையும் எல்இடி பல்பு போட்டதுலேர்ந்து ரெண்டு பக்கமும் வேகமா அடிக்குது. ரெசிஸ்டர் வாங்கிக் கோத்தா சரியாகும்னு கடையில சொல்றாங்க. 6 ஓம், 50 வாட். சரியா?


#7 12வோல்ட்

கணக்குப்படி சரி, மாட்டுற இடம்தான் வம்பு. 14 வோல்ட்ல 6 ஓம் 2.3 ஆம்பியர் இழுக்கும், 33 வாட் சூடாகும். பாதி நேரம்தான் எரியும்னாலும் நீண்ட சிவப்பு விளக்குல நின்னா கையை வைக்க முடியாது. டெயில் லைட்டோட பிளாஸ்டிக்லயோ பூட் (டிக்கி) கார்பெட்லயோ இரட்டைப் பக்க டேப் போட்டு ஒட்டுறவங்க இருக்காங்க. இரும்புத் தகட்டுல ஸ்குரூ போட்டுத்தான் மாட்டணும், ஒயர் எதுவும் அதைத் தொடக் கூடாது. பல்புக்குப் பக்கவாட்டா, அதாவது சிக்னல் ஒயருக்கும் எர்த்துக்கும் நடுவுல கோக்கணும். வரிசையில கோத்தா வேகம் குறையாது.

அதைவிட, உங்க ஃபிளாஷர் தனி டப்பாவா இருந்தா எல்இடிக்கான ஃபிளாஷரா மாத்திடுங்க. அது கரண்டை அளக்காது, ஒரே வேகம். ஆனா ஒண்ணு, பல்பு போனா சொல்றதுக்கு ஆள் இல்ல. வாரத்துக்கு ஒரு தடவை நீங்களே பார்த்துக்கணும். ஃபிளாஷர் டபுள் சிக்னல் பட்டனுக்குள்ளயே ஒட்டி வர்ற வண்டியும் இருக்கு, கோல்ஃப் நாலாம் தலைமுறை மாதிரி. அங்க இது அவ்வளவு சுலபம் இல்ல.

டேஷ்போர்டு மீட்டர்ல ரெண்டு பக்கத்துக்கும் சேர்த்து ஒரே ஒரு அம்புதான் இருக்குன்னா கூடுதல் கவனம். அந்தக் குட்டி பல்பு இடது ஒயருக்கும் வலது ஒயருக்கும் நடுவுல தொங்கும். இடது போட்டா வலது பக்க பல்புகள் வழியா எர்த் தேடிக்கும். சாதா பல்புல அந்தத் துளி கரண்டு தெரியாது. எல்இடிக்கு அதுவே போதும், நாலு மூலையும் சேர்ந்து மின்ன ஆரம்பிச்சுடும். மருந்து: அந்தக் குட்டி பல்போட ஒரு முனையை எர்த் பண்ணிடுங்க. இன்னொரு முனைக்கு இடது ஒயர்லேர்ந்து ஒண்ணு, வலது ஒயர்லேர்ந்து ஒண்ணு, ரெண்டு 1என்4007 டயோடு (கரண்டை ஒரு திசையில மட்டும் விடும்). வெள்ளைக் கோடு பல்பு பக்கம் இருக்கணும்.

என்னைக் கேட்டா சாதா பல்புக்கே திரும்பிடுங்க. பழைய டெயில் லைட்டோட குவி கண்ணாடி ஒரு புள்ளியிலேர்ந்து எல்லாப் பக்கமும் சிதறுற வெளிச்சத்துக்காக வடிச்சது. எல்இடி பல்போட வெளிச்சம் அந்தப் புள்ளியில இல்ல. நேர பின்னாடி நின்னா கண்ணைப் பறிக்கும், நாலடி தள்ளி நின்னா ஒண்ணும் தெரியாது.


#8 தேக்கா_டயர்

எல்லாரும் எலக்ட்ரானிக் ஃபிளாஷரை வச்சே பேசறீங்க. 70கள், 80கள் வண்டி வச்சிருக்கிறவங்களுக்கு ஒரு வார்த்தை. அதுல வட்டமான அலுமினிய டப்பா, ரெண்டு கால்தான். உள்ள சூடேறி வளையுற தகடு. கரண்டு ஓடினா சூடு, சூடேறினா துண்டிக்கும், ஆறினா ஒட்டும். இங்க விதி தலைகீழ்: பல்பு ஒண்ணு போனா சூடு பத்தாது, அதனால வேகம் கூடாது, மெதுவாகும், இல்ல மின்னாம அப்படியே நிலையா எரியும். ஐடிலிங்ல மெதுவாவும் ஆக்சிலேட்டர் மிதிச்சா வேகமாவும் அடிச்சா பல்பைத் தேடாதீங்க, பேட்டரி டெர்மினலையும் ஆல்டர்னேட்டரையும் பாருங்க. வோல்ட் குறைச்சல்.

டபுள்யூ124 மெர்சிடிஸ்ல ஃபிளாஷர் தனியா கிடைக்கவே கிடைக்காது. வைப்பர், பின் கண்ணாடி ஹீட்டர், சிக்னல் எல்லாம் ஒரே ரிலே டப்பாவுல. சிக்னல் போச்சுன்னு முழு டப்பாவையும் வாங்கறதுக்கு முன்னால மூடியைத் திறந்து சர்க்யூட் பலகையில தடிமனான காலோட ஈயத்தை லென்ஸ் வச்சுப் பாருங்க. காலைச் சுத்தி மோதிரம் மாதிரி மெல்லிசா ஒரு விரிசல் தெரியும். பழைய ஈயத்தை உறிஞ்சி எடுத்துட்டுப் புதுசு வச்சா பல வருஷம் ஓடும். கூடவே அதுல இருக்கிற குட்டி எலக்ட்ரோலைட்டிக் கப்பாசிட்டரையும் மாத்துங்க. மேல எழுதியிருக்கிற அதே மைக்ரோஃபாரட், 25 வோல்ட்டோ அதுக்கு மேலயோ, 105 டிகிரி ரகம். அது காய்ஞ்சாலும் வேகம் ஏறும்.


#9 பழையவண்டி_ஈசூன்

பட்டன் சுத்தம் பண்ணியாச்சு. உருண்டை இல்ல, ஸ்பிரிங் மட்டும்தான் இருந்துச்சு. பைக்குள்ளதான் தெறிச்சுது, தப்பிச்சேன். துண்டு ஒயர் போட்டு மறுபடி அளந்தா பட்டன்ல 0.08 வோல்ட். முன் பல்புல 12.0.

இடது பின் பக்கம் இன்னும் இருட்டு. பல்பைக் கழட்டிப் பார்த்தேன், இழை அறுந்த மாதிரி தெரியல. ஹோல்டர்ல டெஸ்ட் லைட் போட்டா பளிச்சுன்னு எரியுது. அதே பல்பைத் திரும்ப மாட்டினா இருட்டு.


#10 செப்புக்கம்பி

பிரேக்கை மிதிக்கும்போது இடது டெயில் லைட் மங்குதா, இல்ல டேஷ்போர்டு அம்பு லேசா மினுக்குதா? அப்படின்னா எர்த். ஒரே எர்த் ஒயரை அந்த மூலையோட எல்லா பல்பும் பகிர்ந்துக்கும். அது அறுந்தா ஒரு பல்போட கரண்டு இன்னொரு பல்பு வழியா வெளிய ஓடும், கோமாளித்தனமா இது போட்டா அது எரியும்.

அது இல்லன்னா பல்போட அடியைப் பாருங்க. ஈயப் பொட்டு ஒண்ணா, ரெண்டா?


#11 பழையவண்டி_ஈசூன்

பிரேக் மிதிச்சா ஒண்ணும் மாறல. பொட்டு ரெண்டு இருக்கு. வலது பக்க பல்புல ஒண்ணுதான்.


#12 செப்புக்கம்பி

மாட்டிக்கிச்சு. யாரோ பிரேக்-டெயில் பல்பைச் சிக்னல் ஹோல்டர்ல திணிச்சிருக்காங்க. அது 21/5 வாட், உள்ள ரெண்டு இழை, அடியில ரெண்டு பொட்டு. சிக்னலுக்கு வேண்டியது பி21டபிள்யூ, ஒரே இழை, நடுவுல ஒரே பொட்டு. ரெண்டு பொட்டு பல்பை ஒத்தைப் பொட்டு ஹோல்டர்ல போட்டா, ஹோல்டரோட நடு ஊசி ரெண்டு பொட்டுக்கும் நடுவுல இருக்கிற கறுப்புக் காப்புமேல போய் உட்காரும். எங்கயும் தொடாது. ஒரு குலுங்கல்ல ஒரு பொட்டைத் தொட்டா மின்னும், அடுத்த ஹம்ப்ல போயிடும்.

பல்பைப் பக்கவாட்டுல பாருங்க. ரெண்டு குமிழ் முளை இருக்கும். 21/5ல ஒண்ணு மேல, ஒண்ணு கீழ. 21ல ரெண்டும் ஒரே உயரம். தப்பா மாட்டக் கூடாதுன்னுதான் அப்படி வச்சான், ஆனா பலம் காட்டினா உள்ள போயிடும். உங்க ஹோல்டரோட பள்ளத்துல ஒரு பக்கம் நசுங்கியிருக்கும், மூக்குப் பிளையரால நிமித்தி விடுங்க. நடு ஊசியை விரலால அழுத்தினா ஸ்பிரிங்கோட எழும்பி வரணும்.

வாங்கும்போது லென்ஸ் நிறத்தைப் பாருங்க. லென்ஸே ஆரஞ்சா இருந்தா வெள்ளை பல்பு பி21டபிள்யூ. லென்ஸ் நிறமில்லாததுன்னா ஆரஞ்சு பூசின பிஒய்21டபிள்யூ. அதோட குமிழ் நேர் எதிர் எதிரா இருக்காது, கொஞ்சம் விலகியிருக்கும், ஒண்ணு இன்னொண்ணோட ஹோல்டர்ல உட்காராது. குமிழை அரம் போட்டு மாட்டுற பழக்கம் வேண்டாம். பூச்சு உரிஞ்ச பல்பு வெள்ளையா மின்னும், அது இன்ஸ்பெக்‌ஷன்ல நிக்காது.


#13 மழைத்துளி

டெயில் லைட் கழட்டின கையோட கேஸ்கட்டையும் பாருங்க. வருஷக்கடைசி மழையில டிக்கிக்குள்ள தண்ணி வர்றதுக்கு இந்த வயசு வண்டியில முதல் காரணம் இதுதான். நுரை ரப்பர் அப்பளம் மாதிரி ஆயிருந்தா பியூட்டைல் நாடா (பிசுபிசுன்னு ஒட்டுற ரப்பர் நாடா) போட்டு ஒட்டிடுங்க. சிலிகான் வேண்டாம், அடுத்த தடவை பல்பு மாத்த லென்ஸை உடைக்கணும். லென்ஸுக்கு அடியில பொடி ஓட்டை இருந்தா அதை அடைக்காதீங்க. அது நீராவி வெளிய போகத்தான்.

ஹோல்டர் ஒயரோட ரப்பரை ரெண்டு அங்குலம் உரிச்சுப் பாருங்க. செப்பு பச்சையாவோ கறுப்பாவோ இருந்தா தண்ணி இழை வழியா ஏறியிருக்கு. பளபளன்னு செப்பு தெரியுற வரைக்கும் வெட்டிட்டு, 1 சதுர மில்லிமீட்டர் ஒயர் ஒட்டி, உள்ள பசை இருக்கிற ஹீட் ஷ்ரிங்க் போடுங்க. வெறும் கறுப்பு டேப் நம்ம சூட்டுக்கு ஒரு வருஷத்துல வழிஞ்சுடும். ஹேட்ச்பேக், வேகன் வச்சிருக்கிறவங்க பின் கதவு கீல்ல இருக்கிற ரப்பர் குழாயை உருவிப் பாருங்க. ஒயர் அங்கதான் மடங்கி மடங்கி அறும்.


#14 புங்கோல்_வெள்ளை

இன்னொண்ணு: ஸ்டியரிங் நேராகியும் தண்டு தானா திரும்பலன்னா என்ன அண்ணே? பல்பு எல்லாம் சரியாத்தான் இருக்கு.


#15 செப்புக்கம்பி

அது கரண்டு கோளாறு இல்ல. ஸ்டியரிங் மையத்துல ஒரு பல் சுத்தி வந்து தண்டோட பிளாஸ்டிக் நாக்கைத் தட்டி விடும். நாக்கு தேய்ஞ்சாலோ ஒடிஞ்சாலோ தண்டு நின்னுடும். ஒரு பக்கம் மட்டும் திரும்பலன்னா நாக்கு, ரெண்டு பக்கமும்னா மையத்துப் பல்லோ, யாரோ ஸ்டியரிங்கைக் கழட்டிக் கோணலா மாட்டினதோ. இதுக்குத்தான் தண்டு செட் மாத்தணும். ஏர்பேக் வண்டின்னா ஸ்டியரிங்குக்கு அடியில ஏர்பேக் ஒயர் நாடா சுருண்டு கிடக்கும். ஸ்டியரிங் கழண்டு இருக்கும்போது அதைச் சுத்தி விட்டுட்டா, மாட்டின பிறகு முதல் முழுத் திருப்பத்துல நாடா அறும். பழக்கம் இல்லாதவங்க வொர்க்‌ஷாப்ல கொடுத்துடுங்க.


#16 பழையவண்டி_ஈசூன்

இடது பின் பல்பு பி21டபிள்யூ மாத்தினேன், பள்ளத்தை நிமித்தினேன். ரெண்டு பக்கமும் ஒரே வேகம். கார் பார்க் சுவரைப் பார்த்து வண்டியைப் பின்பக்கமா நிறுத்தி, இடதும் வலதும் சுவர்ல ஒரே வெளிச்சமான்னு பார்த்தேன், ஒரே மாதிரிதான். கேஸ்கட் ஒரு ஓரத்துல வெடிச்சிருக்கு, நாடா வாங்கணும். இன்ஸ்பெக்‌ஷனுக்கு வேகம் எவ்வளவு இருக்கணும்?


#17 12வோல்ட்

நிமிஷத்துக்கு 60லேர்ந்து 120க்குள்ள. அதுதான் ஐநா விதிமுறையில இருக்கிற வரம்பும். போன்ல 30 விநாடி வச்சு எண்ணி ரெண்டால பெருக்குங்க. இஞ்சின் ஓடும்போது ஒண்ணு. ஹெட்லைட், ஏசி, பின் கண்ணாடி ஹீட்டர் எல்லாம் போட்டு, பிரேக்கையும் மிதிச்சுக்கிட்டு இன்னொண்ணு. ரெண்டாவதுல விழுந்துட்டா எங்கயோ இன்னும் எர்த் சரியா பிடிக்கல.

10 வருஷம் தாண்டின காருக்கு வருஷா வருஷம் இன்ஸ்பெக்‌ஷன்கிறதால, ஃபெண்டர்ல இருக்கிற 5 வாட் குட்டி பல்பையும் விட்டுடாதீங்க. அது போனா ஃபிளாஷருக்குத் தெரியாது, வேகம் மாறாது. 47ல 5 போனா அதோட கணக்குல வராது.


#18 பழையவண்டி_ஈசூன்

புது ஃபிளாஷர்ல 96, எல்லாத்தையும் போட்டு 94. குப்பைன்னு கொடுத்த பழைய ரிலே கையுறைப் பெட்டியில கிடந்துச்சு, அதை மாட்டிப் பார்த்தா 82. அதுல ஒரு குறையும் இல்ல போல. எதை விடலாம்?


#19 செப்புக்கம்பி

பழசையே விடுங்க. தொழிற்சாலையில போட்டது, கால் இறுக்கமா உட்காரும். புதுசைக் கையுறைப் பெட்டியில போடுங்க, கூடவே ஒரு பி21டபிள்யூ.